வீட்டுக்கு மாதம் ஐந்து பேர்

நான் ஏலக்காரன். பெயர் மயில்வாகனம், ஊர் நுவரெலியா. வங்கியில் கடன் வாங்கியவர் கட்ட முடியாமல் போய், வங்கி வழக்குப் போட்டு, ஈடு வைத்த காணியை விற்றுக் கடனைத் தீர் என்று நீதிமன்றம் கட்டளை போட்டால், அந்தக் கட்டளையைக் கோப்பில் வைத்துக்கொண்டு மலையேறுகிற ஆள் நான்தான். முப்பது வருஷத்தில் ஆயிரத்துச் சொச்சம் காணிகளை விற்றிருக்கிறேன். அதனால் கல்யாண வீட்டில்கூட என் பக்கத்து நாற்காலி காலியாகக் கிடக்கும். ஏதோ நானே கடனைக் கொடுத்து நானே வட்டியையும் ஏற்றிவிட்ட மாதிரி. ஆரம்பத்தில் கோபம் வந்தது. இப்போது அந்த நாற்காலியில் என் குடையை வைத்துக்கொள்கிறேன்.

அழுகிறவர்கள், மண்ணை வாரி வீசுகிறவர்கள், நாயை அவிழ்த்து விடுகிறவர்கள், பிஸ்கட்டும் தேத்தண்ணியும் கொடுத்து உபசரிக்கிறவர்கள் என்று எல்லாரையும் பார்த்தாகிவிட்டது. இனி என்னை ஆச்சரியப்படுத்த ஒருவரும் பிறக்கவில்லை என்ற திமிரோடுதான் போன வருஷம் மார்ச் மாதம் ராகலைக்குப் போனேன். திரும்பி வரும்போது அந்தத் திமிர் என்னிடம் இருக்கவில்லை.

காணி ராகலை ரோட்டில், ஒரு தேயிலைத் தோட்டத்துக்கு நேர் எதிரே இருந்தது. கால் ஏக்கர், அதில் மூன்று அறை வீடு. சொந்தக்காரர் ஜீவராணி, நாற்பத்தைந்து வயது, தனி ஆள். அவருடைய அப்பா சோலைமலை எதிர்த் தோட்டத்தில் நாற்பது வருஷம் வேலை செய்து, ஓய்வு பெற்றபோது கிடைத்த பணம் மொத்தத்தையும் போட்டு வாங்கிய நிலம் அது. அந்தத் தோட்டத்துத் தொழிலாளர் வரிசை வீடான லயத்தில் பிறந்து, சொந்தப் பெயரில் காணி உறுதிப் பத்திரம் எழுதியவர் அவர் ஒருவர்தான். அவர் காலமான பிறகு ஜீவராணி அந்த உறுதியை வங்கியில் வைத்துக் கடன் எடுத்து, பொலித்தீன் கூடாரம் அடித்துக் குடைமிளகாய் போட்டார். உரப் பசளை கிடைக்காத வருஷம் செடி வாடியது. அடுத்த வருஷம் காற்று கூடாரத்தையே தூக்கிக்கொண்டு போனது. வட்டிக்கு மட்டும் ஒரு சேதமும் வரவில்லை. முதலும் வட்டியும் வழக்குச் செலவும் சேர்ந்து நாற்பத்து மூன்று இலட்சமாகி, அதையே குறைந்தபட்ச ஏல விலையாக நீதிமன்றம் வைத்தது.

முதல் தடவை நான் போனது ஏல நோட்டீசைச் சுவரில் ஒட்ட. ஒட்டிவிட்டு வழக்கமாகச் சொல்வதைச் சொன்னேன். நாற்பத்து மூன்றுக்கு மேல் போகிற ஒவ்வொரு ரூபாயும் வங்கிக்குச் சேராது, நீதிமன்றம் வழியாக உங்கள் கைக்கே வரும் என்றேன். எவ்வளவு மிஞ்சும் என்று ஜீவராணி கேட்டார். வருகிற ஆட்களைப் பொறுத்தது என்று மழுப்பினேன். சந்தையில் அந்த இடம் எண்பது இலட்சம் பெறும். ஆனால் யார் வருவார்கள் என்பது எனக்குத் தெரியும். நுவரெலியாவில் ஓட்டல் வைத்திருக்கிற மதுசூதனனும் அவர் கூட்டாளிகள் மூன்று பேரும் வருவார்கள். வேனுக்குள்ளேயே பேசி முடித்துக்கொண்டு, ஒருவர் மட்டும் குறைந்தபட்ச விலையைக் கேட்பார், மற்ற மூவரும் மலையை ரசிப்பார்கள். பத்து நிமிஷத்தில் காரியம் முடிந்துவிடும். வீட்டுக்காரருக்கு ஒரு சதமும் மிஞ்சாது. அந்தக் கூட்டத்தைக் கண்டாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும், ஆனால் சட்டப்படி ஒன்றும் செய்ய முடியாது.

நான் கிளம்புகிற நேரம் தபால்காரர் வந்து பதினொரு கடிதங்களை ஜீவராணியிடம் கொடுத்தார். ஒன்றில்கூட ஜீவராணி பெயர் இல்லை. உள்ளே சுவரில் ஏழு துணிப்பைகள் தொங்கின, லயத்துக்கு ஒன்றாக. அவர் கடிதங்களைப் பார்த்துப் பார்த்து அந்தந்தப் பையில் போட்டார். என்ன இது என்று கேட்டேன். லயத்துக் காம்பிராக்களுக்கு, அந்த ஒற்றை அறை வீடுகளுக்கு, வீட்டு இலக்கம் கிடையாது. தோட்டத்து விலாசத்துக்கு வருகிற கடிதம் எங்கெங்கோ கிடந்து, நேர்முகப் பரீட்சை முடிந்து இரண்டு வாரம் கழித்துக் கைக்கு வரும். அதனால் எதிரே கீழ்க்கணக்கில், அதாவது தோட்டத்தின் கீழ்ப் பகுதியில், இருக்கிற எண்பத்து நான்கு வீட்டுக்காரர்களும் வேலைக்கு விண்ணப்பித்தாலும் பாஸ்போர்ட் எடுத்தாலும் பிள்ளையைக் கம்பசுக்கு அனுப்பினாலும் ஜீவராணி வீட்டு இலக்கத்தையே எழுதுகிறார்கள். சோலைமலை காலத்திலிருந்து அப்படித்தானாம்.

"வீடு போனா நான் எங்கயாச்சும் ஒண்டிக்குவேன் ஐயா," என்றார் ஜீவராணி. "இந்த நம்பர் போச்சுன்னா இத்தனை பேரும் எங்க போய் கடுதாசி வாங்குவாங்க?"

அதற்குப் பதில் சொல்வது என் வேலை இல்லை என்று மனதுக்குள் முணுமுணுத்துக்கொண்டு வேனில் ஏறினேன். நுவரெலியா வந்து சேரும்வரை அந்த ஏழு பைகளும் கண்ணுக்குள்ளேயே ஆடின.

ஏலத்தன்று காலை பத்து மணிக்குப் போனோம். விற்பனையைக் காணியில் வைத்துப் பறையடித்து அறிவிக்க வேண்டும் என்று ஒரு பழைய விதி உண்டு. வெள்ளைக்காரன் எழுதி வைத்தது, இன்னும் யாரும் அழிக்கவில்லை. அதற்காக என் உதவியாள் சிவசாமி ஒரு தப்புப் பறையை வேனில் போட்டு வைத்திருப்பார். அவர் அந்தப் பக்கத்துத் தோட்டத்துக்காரர், ஏல விலையை உரக்கக் கூவுவதும் அவர்தான். டவுனில் அவர் தட்டினால் ஒரு ஆள் திரும்பிப் பார்க்காது. இங்கே அவர் நாலு அடி அடித்ததும் எதிர்மலையில் கொழுந்து பறித்துக்கொண்டிருந்த பெண்கள் நிமிர்ந்தார்கள். அப்புறம் ஒருவர் பின் ஒருவராக இறங்க ஆரம்பித்தார்கள்.

பத்து மணிக்கு மலையை விட்டு இறங்கினால் அன்றைக்கு அரைப் பேர்தான். தோட்டத்தில் ஒரு நாள் சம்பளத்தை ஒரு பேர் என்பார்கள். முழுநாள் வேலை செய்தால் முழுப் பேர், ஆயிரத்து முந்நூற்று ஐம்பது ரூபாய். பாதியில் இறங்கினால் பாதிதான். அந்தப் பாதியை விட்டுவிட்டு அறுபது எழுபது பெண்கள் இடுப்பில் கட்டிய படங்குச் சாக்கோடு வந்து ரோட்டின் இரண்டு ஓரத்திலும் நின்றார்கள். சத்தம் போடத்தான் வந்திருக்கிறார்கள் என்று எண்ணி, பொலிஸ் நம்பரை எடுத்து வைக்கும்படி சிவசாமியிடம் சொன்னேன்.

சிவசாமி நம்பரை எடுக்கவில்லை. முன்னால் நின்ற ஒரு பெண்ணையே பார்த்தார். ஐம்பது வயது இருக்கும், மெலிந்த உடம்பு, பெயர் காளியாயி. கீழ்க்கணக்கு மாரியம்மன் கோயில் திருவிழா முடிவில் அம்மன் கையில் இருந்த எலுமிச்சம்பழம், சாத்திய சேலை, மாலை எல்லாவற்றையும் ஏலம் விடுவார்களாம். அந்த ஏலத்தில் இந்த அம்மா பெயர் போன ஆள் என்றார் சிவசாமி.

"கடை முதலாளி தலையில ஒத்தை எலுமிச்சம்பழத்தை நாப்பதாயிரத்துக்கு ஏத்திவிட்டவங்க ஐயா இது," என்று என் காதில் சொன்னார்.

நான் சிரித்துவிட்டு நிபந்தனைகளை வாசித்தேன். முதலில் சிங்களத்தில், பிறகு நீதிமன்றத் தமிழில். சுத்தியல் வீழ்ந்தவுடன் கொள்வனவு விலையின் இருபத்தைந்து சதவீதத்தைச் செலுத்துதல் வேண்டும், மிகுதி முப்பது நாட்களுக்குள் செலுத்தப்படல் வேண்டும், தவறின் ஆதனம் மீண்டும் ஏலத்தில் விடப்படும், இப்படி ஒன்றரைப் பக்கம். பெண்கள் கைகட்டி நின்று கேட்டார்கள். மதுசூதனன் வேன் கதவில் சாய்ந்து போனில் எதையோ பார்த்துக்கொண்டிருந்தார். "சுருக்கா முடிங்க அண்ணே, பகல் சாப்பாட்டுக்கு ஆள் வருது," என்றார். அவருடைய கூட்டாளிகள் மூவரும் மலையை ரசிக்கத் தொடங்கியிருந்தார்கள். ஜீவராணி வாசல்படியில் உட்கார்ந்து தரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

நாற்பத்து மூன்று என்று தொடங்கினேன். மதுசூதனன் போனிலிருந்து கண்ணை எடுக்காமல் ஒரு விரலைத் தூக்கினார். சிவசாமி ஒரு தரம் கூவினார். இரண்டாம் தரம் கூவ வாயெடுத்தார்.

"நாப்பத்தி நாலு," என்றார் காளியாயி.

சத்தமாகச் சொல்லவில்லை. கொழுந்து நிறுக்கிற இடத்தில் தன் நிறையைச் சொல்கிற மாதிரி சொன்னார். மதுசூதனன் நிமிர்ந்து பார்த்துவிட்டுச் சிரித்தபடி நாற்பத்தைந்து என்றார். நாப்பத்தி ஆறு என்றார் காளியாயி.

ஏலம் கேட்கிறவரை நிறுத்தி, கையில் பணம் இருக்கிறதா என்று விசாரிக்கிற அதிகாரம் எனக்கு உண்டு. கேட்டிருக்க வேண்டும். நான் கேட்கவில்லை. எலுமிச்சம்பழ வித்தையை இங்கே காட்டுகிறார் என்று எனக்கு விளங்கிவிட்டது. அவர் ஏற்றுகிற ஒவ்வொரு இலட்சமும் ஜீவராணிக்குப் போய்ச் சேரும். செய்தது தொழிலுக்கு நேர்மையில்லாத காரியம்தான். ஆனாலும் வேனுக்குள் பேசி வைத்துக்கொண்டு வருகிற அந்த நாலு பேரையும் பார்த்தேன், வாயை மூடிக்கொண்டேன்.

ஐம்பதில் மதுசூதனன் போனைச் சட்டைப் பைக்குள் போட்டார். ஐம்பத்தைந்தில் கூட்டாளிகள் மலையை விட்டுவிட்டு அவர் பக்கத்தில் வந்து நின்றார்கள். அதற்குப் பிறகு ஐம்பதாயிரம் ஐம்பதாயிரமாக ஏறியது. காளியாயி ஒவ்வொரு முறையும் கட்டைவிரலால் விரல் கணுக்களைத் தொட்டுப் பார்த்துவிட்டுத்தான் வாயைத் திறந்தார். அவர் விலை சொல்லும்போதெல்லாம் பின்னால் நின்ற பெண்கள் ஒரு அங்குலம் நிமிர்ந்தார்கள். ஒருவர் முகத்திலும் சிரிப்பில்லை, பயமும் இல்லை.

அறுபது இலட்சம் என்று அவர் சொன்னபோது எனக்கு மேல் சிலிர்த்தது. பனி இறங்குகிறது, குளிர் என்று சொல்லிப் பார்த்தேன். குளிர் இல்லை. அன்றைக்கு அரைப் பேர் மட்டும் சம்பாதித்த ஒருவர் அறுபது இலட்சம் என்று சொல்கிறார், குரலில் ஒரு நடுக்கம் இல்லை. கோடி கோடியாக வைத்திருக்கிற முதலாளிமார் என் முன்னால் ஏலம் கேட்டிருக்கிறார்கள். அவர்களுக்கு வியர்த்ததைப் பார்த்திருக்கிறேன். என் வாழ்நாளில் அப்படி ஒரு ஏலம் கேட்கிற ஆளை நான் கண்டதில்லை.

அறுபத்தேழு என்றார் காளியாயி. கூட்டாளி ஒருவர் மதுசூதனன் கையைப் பிடித்து இழுத்தார். கையை உதறிவிட்டு, அறுபத்தேழரை என்றார். அது அவருடைய கடைசி விலை என்பது அந்தக் குரலிலேயே தெரிந்தது.

காளியாயி இன்னும் ஒரு தடவை ஏற்றினால் மதுசூதனன் விட்டுவிடுவார். விட்டுவிட்டால் இந்த அம்மா இப்போதே பதினேழு இலட்சத்தை என் மேசையில் வைக்க வேண்டும். வைக்க முடியாது. மறு ஏலம் போட வேண்டும், மதுசூதனன் நாற்பத்து மூன்றுக்கு அள்ளிக்கொண்டு போவார், ஜீவராணி வெறுங்கையோடு நிற்பார். காளியாயியின் கட்டைவிரல் கடைசிக் கணுவைத் தொட்டது, வாய் திறந்தது. சிவசாமிக்குக்கூட விடாமல் ஒரு தரம் இரண்டு தரம் மூன்று தரம் என்று நானே ஒரே மூச்சில் சொல்லிச் சுத்தியலைப் போட்டேன்.

மதுசூதனன் காசோலை எழுதினார். கணக்கில் குறைந்ததற்குக் கூட்டாளிகளிடம் வாங்கினார். என்னை முறைத்துவிட்டு வேனில் ஏறிப் போனார். நான் ஜீவராணியிடம் போய், இருபத்து நான்கரை இலட்சம் உங்களுக்கு மிஞ்சியிருக்கிறது, நீதிமன்றத்தில் எடுத்துக்கொள்ளலாம் என்றேன். அவர் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு அழுதார். சந்தோஷத்தில் அழுகிறார் என்று எண்ணிக்கொண்டேன். எனக்கும் ஒரு பெருமிதம். அதே பெருமிதத்தோடு காளியாயியிடம் போய், நல்லா ஏத்திவிட்டீங்கம்மா என்றேன்.

அவருக்குக் கோபத்தில் உதடு துடித்தது.

"ஏன் ஐயா அவசரப்பட்டீங்க? நான் அறுபத்தெட்டு கேக்க வாயெடுத்தேனே. நீங்க பாத்தீங்க தானே."

நீங்க கேட்டு, அவர் விட்டுட்டுப் போயிருந்தா என்ன செய்திருப்பீங்க என்று சிரித்தேன்.

"நாங்க எடுத்திருப்போம்," என்றார்.

என்னைத் தவிர யாரும் சிரிக்கவில்லை. அப்போதுதான் எனக்கு உறைக்க ஆரம்பித்தது. காளியாயி விரல்களை விரித்துக் காட்டிக் கணக்குச் சொன்னார்.

"போன ஞாயித்துக்கெழம கோயில்ல கூடிப் பேசினோம். வீட்டுக்கு மாசம் அஞ்சு பேர். எண்பத்திநாலு வீடு. அடுத்த திருவிழாவுக்குப் பன்னெண்டு மாசம் இருக்கு. அறுபத்தெட்டு லட்சத்தி நாலாயிரம் வரும். அதுக்கு மேல ஒத்தை ரூவா கேக்கக் கூடாதுன்னு முடிவு."

நான் போனை எடுத்துக் கணக்குப் போட்டேன். அறுபத்தெட்டு இலட்சத்து நாலாயிரம். அந்த நாலாயிரம்கூடச் சரியாக வந்தது. அவர் யார் தலையிலும் ஏற்றிவிட வரவில்லை. வாங்கத்தான் வந்திருந்தார். வாங்கி, ஜீவராணியை அதே வீட்டில் அதே ஏழு பைகளோடு இருக்க வைக்க வந்திருந்தார். ஒரு வீட்டுக்கு மாதத்தில் இருபது பேர் கிடைப்பதே பெரிய பாடு. அதில் ஐந்தை, ஒரு வருஷத்துக்கு, தாங்கள் யாரும் குடியேறப் போகாத ஒரு வீட்டுக்காக எண்பத்து நான்கு குடும்பங்களும் எழுதிக் கொடுத்துவிட்டு வந்திருந்தன. நான் அதைப் பார்த்து நல்ல தந்திரம் என்று கைதட்டிக்கொண்டிருந்திருக்கிறேன்.

கால் பங்குப் பணத்தை உடனே வைக்க வேண்டும், அதைத்தானே முதலில் வாசித்தேன் என்றேன்.

"வாசிச்சீங்க. மந்திரம் சொல்றாப்ல இருந்திச்சு, முடியட்டும்னு நின்னோம்," என்றார் காளியாயி. "கோயில்ல பொருளை இன்னிக்கு எடுத்துக்குவோம், அடுத்த திருவிழாவுக்குள்ள கட்டிருவோம். இதுவரைக்கும் கட்டாம விட்ட ஆளு இல்ல. கையில காசு உள்ளவன்தான் எடுக்கணும்னா அதுக்கு எதுக்குங்க ஏலம்?"

சட்டப்படி நான் சுத்தியலைப் போட்டது சரி. அவர் அறுபத்தெட்டுக்கு எடுத்திருந்தால் எல்லாமே கெட்டுப் போயிருக்கும். இதை நான் சொன்னபோது அவரும் கேட்டுக்கொண்டார். ஆனாலும் அந்த முகத்தைப் பார்க்க எனக்குக் கூச்சமாக இருந்தது. கோயிலில் சாமிக்கு முன்னால் நிற்கும்போதுகூட எனக்கு அப்படி வந்ததில்லை.

காளியாயி பெண்கள் பக்கம் திரும்பி ஏதோ கேட்டார். இரண்டு நிமிஷம் பேசினார்கள். ஜீவராணியும் எழுந்து வந்து கண்ணைத் துடைத்துக்கொண்டு கூட்டத்துக்குள் நின்றார். பிறகு காளியாயி என்னிடம் வந்தார். கோபம் போய்விட்டிருந்தது.

"பேசின பேர் பேசினதுதான் ஐயா. மூணு மாசத்துல பதினேழு லட்சம் சேந்துரும், கையோட கொண்டாந்து வச்சுருவோம். மிச்சத்துக்கு ஜீவராணியோட இருவத்திநாலரை இருக்குது. இந்த ரோட்டுல அடுத்த ஏலம் எப்பங்க?"

மனதுக்குள் கூட்டிப் பார்த்தேன். நாற்பத்து ஒன்றரை இலட்சம். ஏலத்தில் ஒரு சின்ன இடத்தை எடுக்கத் தாராளமாகப் போதும். எனக்கு ஒரே உற்சாகம். ஜூன் மாதம் ஒன்று இருக்கிறது என்றேன். இங்கிருந்து இரண்டு மைல், இதில் பாதி நிலம், இரண்டு அறை வீடு, குறைந்தபட்ச விலை முப்பது இலட்சம், ரோட்டோரம், தபால்காரர் வருகிற பாதை, வீட்டு இலக்கமும் உண்டு என்று அடுக்கிக்கொண்டே போனேன். நிபந்தனைகளை முதலிலேயே வந்து விளங்குகிற தமிழில் சொல்லித் தருகிறேன் என்றும் சொன்னேன். எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டுக்கொண்ட காளியாயி ஒன்றே ஒன்று கேட்டார்.

"அது யாரு வீடுங்க?"

முப்பது வருஷத்தில் என்னிடம் விலையைக் கேட்டிருக்கிறார்கள். எல்லையைக் கேட்டிருக்கிறார்கள், தண்ணீர் நிற்குமா என்று கேட்டிருக்கிறார்கள். வாங்க வந்த ஒருவரும் இதைக் கேட்டதில்லை. அந்த வீட்டின் இலக்கம் எனக்குத் தெரியும், நிலத்தின் அளவு தெரியும், கடன் தொகை சதம் வரைக்கும் தெரியும். பெயர் மட்டும் ஞாபகம் வரவில்லை.

அத்தனை பெண்களும் பார்த்துக்கொண்டு நிற்க, நான் கோப்பைத் திறந்து தேடினேன்.